5 பெண்கள் கூடினார்கள், அமெரிக்கா ஆடியது!
பணம் வந்தது; கோஷ்டி உடைந்தது!

பெண்கள் மட்டுமே சேர்ந்த ஒரு பாட்டுக் கோஷ்டி. பாடுவது பெண். கிதார் வாசிப்பது பெண். டிரம் அடிப்பது பெண். பாட்டு எழுதி, மெட்டுப் போடுவதும் பெண்களே!

இப்படி ஒரு கோஷ்டியின் இசைத்தட்டு, அமெரிக்காவில் விற்பனையில் முதல் இடத்தைப் பிடித்தது. அதற்கு முன் அங்கே அப்படி நடந்ததே இல்லை. நடந்தது 1982-ம் ஆண்டு. கோஷ்டியின் பெயர் "கோ-கோஸ்".

அதற்குப் பிறகு 3 ஆண்டுதான். கோஷ்டி உடைந்தது!

5 பெண்களும் உயிருக்கு உயிரான தோழிகள். ஒரே தட்டில் சாப்பிட்டவர்கள் என்று சொல்லலாம். அவர்களை எது பிரித்தது? காதலா? பொறாமையா?

பணம்! அதோடு சேர்ந்து இன்னொரு சனியன்: போதை மருந்து.

ஆலிவுட் வீதியில்...

1976, 1977-ல் இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் வாலிபர்களை ஒரு புதுப் பைத்தியம் பிடித்து ஆட்டியது. அதன் பெயர் "பங்க்". தலைமயிருக்குப் பச்சைச் சாயம். கிழிந்த சட்டையில் ஊக்கு. பாட்டு என்றால் வேகம், கூச்சல்!

அந்தப் பாட்டுக்கு வித்வான் வேண்டாம். கிதாரில் 3 பிடி தெரிந்தால் போதும், மேடை ஏறலாம்.

அந்தக் கூச்சலைக் கொஞ்சம் குறைத்து, காதுக்கு இனிய மெட்டைச் சேர்த்தார்கள். அதற்கு "நியூ வேவ்" என்று பெயர் வந்தது. "புது அலை" என்று அர்த்தம்.

லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில், ஆலிவுட் பகுதியில், "மாஸ்க்" என்று ஒரு கிளப் இருந்தது. கட்டிடத்துக்கு அடியில், நிலவறையில்! பக்கத்தில் பாழடைந்த ஓர் அடுக்கு வீடு. வாடகை குறைவு. ஆகையால் பங்க் வாலிபர்கள் எல்லாம் அங்கே குடி இருந்தார்கள்.

1978-ல் அங்கே சில பெண்கள் கூடினார்கள். "நாமும் ஒரு கோஷ்டி தொடங்கினால் என்ன?" என்று பேச்சு வந்தது. பெலிண்டா கார்லைல் பாடுவது என்று முடிவு ஆயிற்று. இவர் 7 குழந்தைகள் உள்ள வீட்டில் மூத்த பெண். ஜேன் வீட்லின் கிதார். மார்கோ ஒலவாரியா அடித்தொனிக் கிதார். எலிசா பெல்லோ டிரம்.

ஒருவருக்கும் சரியாக வாசிக்கத் தெரியாது!

முதல் கச்சேரி, அந்த நிலவறையில். தெரிந்த பாட்டுகளை ஒரு கை விரல் விட்டு எண்ணிவிடலாம். வந்தவர்கள் சிரித்தார்கள். ஆனாலும் இவர்கள் விடவில்லை.

பியானோ படித்த பெண்

சில மாதத்தில் சார்லட் கேஃபி என்ற பெண் வந்து சேர்ந்தார். இவர் முறையாகப் பியானோ படித்தவர். வேறு ஒரு கோஷ்டியில் அடித்தொனிக் கிதார் வாசித்தவர்.

"எங்கள் கோஷ்டியில் முதல் கிதார் வாசிக்கிறாயா?" என்று கேட்டார்கள். அதை அவர் அதுவரை வாசித்ததே இல்லை. ஆனாலும் "சரி" என்று சொல்லிவிட்டார்!

அடுத்த ஆண்டு, பால்டிமோர் நகரிலிருந்து ஜினா ஷாக் வந்தார். அமெரிக்காவின் ஒரு கரையிலிருந்து மறு கரைக்கு, டிரம்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்தவர். எலிசாவின் இடம் இவருக்குக் கிடைத்தது. வந்ததும் ஒரு சட்டம் போட்டார்: "தினமும் ஒத்திகை!"

என்னைக் கேட்டால், கோஷ்டி உருப்பட்டதற்குக் காரணமே ஜினாவின் இந்தப் பிடிவாதம்தான். அதுவரை விளையாட்டாக இருந்தது. அதன் பிறகு தொழில் ஆயிற்று.

எச்சில் துப்பினார்கள்!

ஜிஞ்சர் கேன்சனேரி என்ற பெண் இவர்களுக்கு மானேஜர். 1980-ல் இங்கிலாந்து போக ஒரு வாய்ப்பு வந்தது. கையில் காசு இல்லை. ஜிஞ்சர் தன் நகைகளைக் காசாக்கினார். கோஷ்டி கிளம்பியது.

அங்கே "மேட்னஸ்", "ஸ்பெஷல்ஸ்" என்ற 2 பெரிய கோஷ்டிகளின் கச்சேரிகளில், முதலில் இவர்கள் பாட வேண்டும். கூட்டத்தில் மொட்டைத் தலை முரட்டு வாலிபர்கள் வருவார்கள். பெண்கள் மேடை ஏறியதும் கூச்சல் போடுவார்கள். எச்சில் துப்புவார்கள்!

பெண்கள் மேடையில் அழவில்லை. பாட்டை முடித்து, உள்ளே வந்து அழுவார்கள். மறு நாள் மீண்டும் மேடை.

இந்தப் பயணத்தில் 2 லாபம். ஒன்று, கைப்பழக்கம் வந்தது. இன்னொன்று, ஒரு காதல்!

"ஸ்பெஷல்ஸ்" கோஷ்டியின் பாடகர் டெரி ஹாலும் ஜேனும் பழகினார்கள். ஆனால் டெரிக்கு ஊரில் ஏற்கனவே ஒரு காதலி இருந்தாள்! ஜேன் அமெரிக்கா திரும்பிய பிறகு, டெரியிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. அதில் ஒரு பாட்டின் வரிகள். ஊர் வம்பு பேசுகிறவர்களைப் பற்றிய பாட்டு. மீதியை எழுதி, மெட்டுப் போட்டு முடித்தார் ஜேன். அதுதான் "அவர் லிப்ஸ் ஆர் சீல்டு" என்ற பாட்டு. "நம் வாய்க்குப் பூட்டு" என்று தமிழில் சொல்லலாம்.

காதல் நிலைக்கவில்லை. பாட்டு நிலைத்தது!

"பெண்களா? வேண்டாம்!"

லாஸ் ஏஞ்சல்ஸ் கிளப்புகளில் இப்போது இடம் கிடைக்காத கூட்டம். ஆனால் பெரிய இசைத்தட்டுக் கம்பெனிகள் கையை விரித்தன. "பெண்கள் மட்டும் வாசிக்கும் கோஷ்டி இதுவரை வென்றது இல்லை. ஆகையால் வேண்டாம்" என்றார்கள்.

இதற்குள் கோஷ்டியில் ஒரு மாறுதல். "நாம் பங்க்கை விட்டு இனிமைப் பாட்டுக்குப் போகிறோம்" என்று மார்கோவுக்கு வருத்தம். 1980 டிசம்பரில் அவர் நோயில் படுத்தார். அவருக்குப் பதில் வாசிக்க வந்தவர், டெக்சாஸ் மாநிலப் பெண் கேத்தி வாலன்டைன். சில நாளில் அத்தனை பாட்டையும் கற்றுக்கொண்டு மேடை ஏறினார். பிறகு, மார்கோவை நீக்கிவிட்டார்கள். நோயாளியாக இருந்த தோழியை நீக்கியது அழகு அல்ல. பிறகு நடந்ததற்கு அங்கேயே ஒரு விதை விழுந்தது என்று தோன்றுகிறது.

1981 ஏப்ரலில் "ஐ.ஆர்.எஸ்." என்ற சின்னக் கம்பெனி இவர்களை ஒப்பந்தம் செய்தது. அதன் முதலாளி மைல்ஸ் கோப்லாண்டு.

நியூயார்க்கில் பாட்டுகள் பதிவாயின. "இவ்வளவு வேகம் வேண்டாம். வார்த்தை புரியட்டும்" என்றார் தயாரிப்பாளர் ரிச்சர்டு காட்டரர். இசைத்தட்டைக் கேட்ட பெண்களுக்கு ஏமாற்றம். "நம் பாட்டு மாதிரியே இல்லையே!" என்று வருந்தினார்கள். ஜனங்களுக்குப் பிடித்தது அதுதான்!

இசைத்தட்டின் அட்டைக்குப் படம் எடுத்தார்கள். 5 பேரும் உடம்பில் துண்டு. முகம் நிறைய வெள்ளைக் கிரீம். அந்தத் துண்டுகளைக் கடையில் வாங்கினார்கள். படம் எடுத்து முடிந்ததும், கடையிலேயே திருப்பிக் கொடுத்துப் பணத்தை வாங்கிவிட்டார்கள்! அவ்வளவு சிக்கனம்.

முதல் இடம்

1981 ஆகஸ்டு 1-ந் தேதி, அமெரிக்காவில் "எம்.டி.வி." என்ற டெலிவிஷன் தொடங்கியது. இரவு பகலாகப் பாட்டுப் படம் காட்டும் டெலிவிஷன். இவர்களும் ஒரு படம் எடுத்தார்கள். "போலீஸ்" என்ற பெரிய கோஷ்டியின் படத்துக்கு ஒதுக்கியதில் மிஞ்சிய பணம் அதற்கு உதவியது! திறந்த காரில் ஊர் சுற்றி, பெவர்லி ஹில்ஸ் நீரூற்றில் குதித்தார்கள். நிஜப் போலீஸ் வந்து பிடிக்கும், அதையும் படம் எடுக்கலாம் என்று ஆசை. போலீஸ் வரவில்லை!

பிறகு அந்தப் "போலீஸ்" கோஷ்டியோடு ஊர் ஊராகக் கச்சேரி. முதலில் இவர்கள், பிறகு அவர்கள். நாளுக்கு நாள் இவர்கள் இசைத்தட்டு மேலே ஏறியது. ஒரு கட்டத்தில் "போலீஸ்" தட்டையே தாண்டிவிட்டது! பாடகர் ஸ்டிங், சாம்பெயின் பாட்டிலோடு இவர்கள் அறைக்கு வந்து வாழ்த்தினார்.

1982 மார்ச்சில் முதல் இடம்! 6 வாரம் அசையவில்லை. அமெரிக்காவில் மட்டும் 20 லட்சத்துக்கு மேல் விற்பனை. "வி காட் தி பீட்" என்ற பாட்டு 2-வது இடம் வரை போயிற்று. புத்தாண்டு நாளில் டெலிவிஷன் பார்த்துக்கொண்டிருந்தபோது, சில நிமிடத்தில் சார்லட் எழுதிய பாட்டு அது.

பணம் எப்படி வரும்?

இங்கேதான் சங்கடம் தொடங்குகிறது. கொஞ்சம் கவனமாகப் படியுங்கள்.

அமெரிக்காவில் ரேடியோவில் ஒரு பாட்டைப் போட்டால், ரேடியோ நிலையம் பணம் கட்ட வேண்டும். அந்தப் பணம் பாட்டை எழுதி மெட்டுப் போட்டவருக்கும், பதிப்பாளருக்கும்தான் போகும். பாடியவருக்குக் கிடையாது. வாசித்தவருக்கும் கிடையாது. இசைத்தட்டு விற்றாலும், எழுதியவருக்கு என்று ஒரு தனிப் பங்கு உண்டு.

"வி காட் தி பீட்" பாட்டையே பாருங்கள். அது தொடங்குவதே ஜினாவின் டிரம் அடியில்தான். பாடியது பெலிண்டா. ஆனால் எழுதியவர் சார்லட் ஒருவரே.

ஒரே கார், ஒரே மேடை, ஒரே உழைப்பு. ஆனால் ஒருத்திக்குப் பெரிய செக். இன்னொருத்திக்குச் சின்னச் செக்! "நாங்கள் வாசிக்காவிட்டால் அந்தப் பாட்டு ஏது?" என்று ஒரு பக்கம். "ராத்திரி கண் விழித்து எழுதியது நான் அல்லவா?" என்று மறு பக்கம்.

இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிறது. ஆனால் இதை 1978-லேயே, காசு இல்லாதபோதே, பேசி முடித்திருக்க வேண்டும். காசு வந்த பிறகு யாருக்கு மனம் வரும்?

இடி மேல் இடி

2-வது இசைத்தட்டு "வெகேஷன்". 1982-லேயே அவசரமாக வெளிவந்தது. 8-வது இடத்தோடு நின்றது. பெரிய நிர்வாகிகள் வந்தார்கள். நகையைக் காசாக்கிய ஜிஞ்சர் விலகினார்.

எல்லோரிடமும் குடியும் கொக்கேனும் தாராளமாகப் புழங்கின. சார்லட்டோ ஹெராயினுக்கு அடிமையாகிவிட்டார். 1984-ல் ஜினாவின் இருதயத்தில் ஓட்டை இருப்பது தெரிந்தது. பிறவியிலேயே இருந்த ஓட்டை! ஆபரேஷன் செய்து பிழைத்தார்.

3-வது இசைத்தட்டு "டாக் ஷோ" 18-வது இடம். அதில் ஜேன் எழுதிய ஒரு பாட்டை, தானே பாட ஆசைப்பட்டார். மற்றவர்கள் சம்மதிக்கவில்லை. ஏற்கனவே பங்குத் தகராறு. 1984 அக்டோபரில் ஜேன் விலகுவதாக அறிவித்தார்.

1985 ஜனவரியில், பிரேசில் நாட்டில் ரியோ நகரில் மாபெரும் இசை விழா. சார்லட்டின் நிலையைப் பார்த்து, ஆசி ஆஸ்போர்ன் என்ற பாடகர் தன் அறையை விட்டு அவரை வெளியே அனுப்பினார். போதைக்குப் பேர்போனவர் ஆஸ்போர்ன்! அவருக்கே பொறுக்கவில்லை என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். ஊர் திரும்பிய சார்லட் ஆஸ்பத்திரியில் சேர்ந்தார். அதன் பிறகு போதையைத் தொடவில்லை.

மே மாதம், பெலிண்டாவும் சார்லட்டும் மற்றவர்களைச் சந்தித்தார்கள். "இனி கோஷ்டி இல்லை" என்று சொன்னார்கள். ஜினாவும் கேத்தியும் இதை எதிர்பார்க்கவில்லை. ஒரே பேச்சில் வேலையும் போயிற்று, தோழிகளும் போனார்கள்.

பிறகு?

பெலிண்டா தனியாகப் பாடினார். 1987-ல் "ஹெவன் இஸ் எ பிளேஸ் ஆன் எர்த்" என்ற பாட்டு அமெரிக்காவில் முதல் இடம் பெற்றது. ஆனால் கொக்கேன் அவரை விடவில்லை. 2005-ல்தான் விட்டார். பிறகு யோகாசனத்தில் மனம் சென்றது. குர்முகி மந்திரங்களைப் பாடி, 2017-ல் ஓர் இசைத்தட்டே வெளியிட்டார்!

கோஷ்டி அவ்வப்போது கூடியது, பிரிந்தது. 2013-ல் கேத்தி மற்றவர்கள் மீது வழக்குப் போட்டார். சமரசம் ஆகி, 2018-ல் திரும்பி வந்தார்.

2021 அக்டோபர் 30-ந் தேதி, கிளீவ்லாண்டு நகரில், புகழ்பெற்ற இசைக் கலைஞர்களின் பட்டியலில் இவர்கள் பெயரைச் சேர்த்தார்கள். விழாவில் 5 பேரும் ஒன்றாக வாசித்தார்கள்.

2025 ஏப்ரலில், கலிபோர்னியாவின் "கோச்செல்லா" விழாவிலும் 5 பேரும் மேடை ஏறினார்கள். எல்லோருக்கும் வயது 65-ஐத் தாண்டிவிட்டது. டிரம் அடித்தவர், அதே ஜினா!