பங்குச்சந்தையில் இல்லாத பெயர்

பங்குத் தரகரிடம் போய், “முருகப்பா குழுமத்தில் நூறு பங்கு வாங்கிக் கொடுங்கள்” என்று கேட்டுப் பாருங்கள். சிரிப்பார். அப்படி ஒரு பங்கே கிடையாது. ஈஐடி பாரி கிடைக்கும், கோரமண்டல் கிடைக்கும், சோழமண்டலம், கார்போரண்டம் யுனிவர்சல், டியூப் இன்வெஸ்ட்மெண்ட்ஸ், சிஜி பவர் எல்லாம் கிடைக்கும். சர்க்கரை, உரம், வாகனக் கடன், சாணைக்கல், சைக்கிள், மின்மாற்றி என்று ஒன்றுக்கொன்று ஒட்டாத தொழில்கள். ஒவ்வொன்றுக்கும் தனி இயக்குநர் குழு, தனிக் கணக்கு, தனிப் பங்குதாரர்கள். ஆனால் சென்னை பாரிமுனையில் டேர் ஹவுஸ் என்ற பழைய கட்டடத்தின் முன்னால் நின்று கேட்டால், இவையெல்லாம் ஒரே வீடு என்று யாரும் சொல்வார்கள். சட்டத்தின் கண்ணுக்கு முழுதாகத் தெரியாத இந்த வீடு எப்படி நடக்கிறது?

செட்டிநாட்டுக் கணக்குப் பேரேட்டில் இதற்கு ஒரு சொல் இருக்கிறது: விலாசம். முகவரி என்று நாம் இன்று கொள்ளும் பொருள் இல்லை. குடும்பத்து முன்னோர் பெயர்களின் முதலெழுத்துகளைக் கோத்து வைத்த கடைப் பெயர் அது. அந்த எழுத்துகள் இருந்தால் அறிமுகமில்லாத ஊரிலும் உண்டியல் என்ற பணமாற்றுச் சீட்டு செல்லும். பணம் பெட்டிக்குள் இருக்கும், விலாசம் பிறர் மனதில் இருக்கும்.

பள்ளத்தூர் அ.மு. முருகப்பச் செட்டியார் 1900இல் பர்மாவின் மௌல்மீனில் தொடங்கியது லேவாதேவிக் கடை. கடலுக்கு அக்கரையில் இருக்கும் கடையை ஊரிலிருந்தே நடத்த நகரத்தார் வகுத்திருந்த முறை அழகானது. முதலாளி ஊரில். கடையில் ஏஜெண்ட், அவருக்குக் கீழே அடுத்தாள், அவருக்கும் கீழே பெட்டியடிப் பையன். ஏஜெண்டுக்கு மூன்று வருடத் தவணை, சம்பளம், லாபத்தில் ஒரு பங்கு. தவணை முடிந்தால் ஐந்தொகை போட்டுக் கணக்கை ஒப்படைத்துவிட்டு ஊர் திரும்ப வேண்டும், அந்த இடத்துக்கு அடுத்தவர் கப்பல் ஏறுவார். உடைமை வேறு, நிர்வாகம் வேறு என்று மேலாண்மைப் பள்ளிகள் இன்று படம் வரைந்து விளக்குவதை இவர்கள் பனையோலைக் காலத்திலேயே நடைமுறையில் வைத்திருந்தார்கள்.

அந்த முறை எங்கே சறுக்கியது என்பதும் முக்கியம். 1930இல் உலக மந்தம் வந்து அரிசி விலை விழுந்தது. நிலத்தை ஈடு வைத்த பர்மிய விவசாயிகளால் கடனைக் கட்ட முடியவில்லை. கீழ்ப்பர்மாவின் முக்கியமான 13 நெல் மாவட்டங்களில் 1930இல் செட்டியார்களிடம் இருந்தது சாகுபடி நிலத்தில் 6 சதவீதம். 1938இல் அது 25 சதவீதம். பார்வைக்குச் செல்வம். உண்மையில் நெல்வயலாக உறைந்துபோன கடன். பயிரிட்டவர்களின் வயிற்றெரிச்சல் தனி. 1942 ஜனவரியில் ஜப்பானியப் படை மௌல்மீனுக்குள் நுழைந்தபோது எத்தனையோ வீடுகளின் ஐந்தொகை வெறும் காகிதமானது. முருகப்பா குடும்பம் போருக்கு முன்பே முதலின் பெரும்பகுதியை இந்தியாவுக்கு மாற்றிவிட்டிருந்தது. பல தொழில் கொண்ட ஒரு வீட்டுக்கு முதல் திறமை எது என்று என்னைக் கேட்டால், வெளியேறத் தெரிவதைத்தான் சொல்வேன்.

வந்த பணம் என்ன ஆனது? 1940இல் சென்னையில் அஜாக்ஸ் என்ற பெயரில் எஃகு மரச்சாமான், பெட்டகம். (எஃகில் செய்தாலும் நமக்கு அது மரச்சாமான்தான்.) பிறகு உப்புத்தாள். 1949இல் இங்கிலாந்தின் டியூப் இன்வெஸ்ட்மெண்ட்ஸோடு கூட்டுச் சேர்ந்து அம்பத்தூரில் சைக்கிள். ஹெர்குலிஸ், பிஎஸ்ஏ என்று தெருவில் ஓடியதெல்லாம் அங்கிருந்து வந்தவை. சைக்கிள் சட்டத்துக்குக் குழாய் வேண்டும். ஆர்டர் கொடுத்தால் தரமாகச் செய்து தர அன்று உள்ளூரில் ஆள் இல்லை, இறக்குமதிக்கோ லைசென்ஸ் வேண்டும். ஆகவே 1955இல் குழாய்க்குத் தனித் தொழிற்சாலை. அடுத்து செயின். குழாய் செய்யக் கற்ற பின் அதை மோட்டார் வாகனக்காரர்களுக்கும் விற்கலாம், செயினும் அப்படியே. சைக்கிள் இல்லாமலே அவை பிழைக்கத் தொடங்கின. கிளையாக வந்தது விழுது இறக்கித் தானே மரமாகிவிட்டது.

இங்கேதான் பொருளியலாளர்கள் வருகிறார்கள். ஒரு பொருளைச் சந்தையில் வாங்குவதா, நாமே செய்துகொள்வதா என்ற கேள்வியிலிருந்துதான் நிறுவனம் என்பதே பிறக்கிறது என்று ரொனால்ட் கோஸ் 1937இல் எழுதினார். சந்தையில் வாங்குவதற்கும் செலவு உண்டு: ஆளைத் தேட வேண்டும், பேரம் பேச வேண்டும், ஏமாற்றமாட்டாரா என்று பார்க்க வேண்டும். 1997இல் தருண் கன்னாவும் கிருஷ்ண பாலேபுவும் அதை இந்தியா போன்ற நாடுகளுக்கு நீட்டினார்கள். நம்பத்தக்க வங்கி, தேர்ந்த மேலாளர்கள், விரைந்து தீர்ப்புச் சொல்லும் நீதிமன்றம் இவையெல்லாம் அரிதாக இருக்கும் இடத்தில் அந்தப் பள்ளங்களை ஒரு தொழில் குடும்பமே நிரப்புகிறது. மேலைநாட்டுப் பாணியில் ஒரே தொழிலில் ஊன்றி நில் என்ற அறிவுரை இங்கே பொருந்தாமல் போகலாம் என்றார்கள்.

ஆனால் ஒரு சிக்கல். பாரியின் சர்க்கரைப் பணத்தை எடுத்து நேராக சைக்கிள் கம்பெனியில் போட முடியாது. பாரியில் வெளிப் பங்குதாரர்கள் இருக்கிறார்கள், கேட்பார்கள். அதனால் பணம் சுற்றி வருகிறது. லாபம் ஈவுத்தொகையாக மேலே ஏறுகிறது. மேலே குடும்பத்தின் பங்குகளை வைத்திருக்கும் அம்பாடி இன்வெஸ்ட்மெண்ட்ஸ் போன்ற, சந்தையில் பட்டியலிடப்படாத நிறுவனங்கள். இன்னொரு வழி, ஒரு கம்பெனியே இன்னொன்றுக்குத் தாயாவது. கோரமண்டல் பங்குகளில் பாதிக்கு மேல் பாரியிடம் இருக்கிறது, சிஜி பவரின் பெரும்பங்கு டியூப் இன்வெஸ்ட்மெண்ட்ஸிடம். தாயின் பாதி மகளின் பாதியை ஆளும்போது, உச்சியில் இருப்பவர் தன் பணத்தைப்போல் பல மடங்கு சொத்தை வழிநடத்துகிறார். கெட்டிக்கார ஏற்பாடு. சிறு பங்குதாரர் கண் கொத்திப் பாம்பாக இருக்க வேண்டிய ஏற்பாடும் இதுதான்.

பணத்தைப்போல ஆளும் நகர வேண்டும். 1990களின் இறுதியில், எம்.வி. சுப்பையா தலைமையில் இருந்த காலத்தில், குடும்பத்தினர் அன்றாட நிர்வாகப் பதவிகளிலிருந்து விலகி இயக்குநர் குழுவோடு நின்றுகொள்வது என்று முடிவானது. ஏஜெண்ட் முறை கோட்டு போட்டுத் திரும்பி வந்தது என்றே எனக்குத் தோன்றுகிறது. அந்த விதி கல்வெட்டும் இல்லை. அவர் மகன் வெள்ளையன் சுப்பையா பின்னாளில் சோழமண்டலத்தையும் டியூப் இன்வெஸ்ட்மெண்ட்ஸையும் நேரடியாகவே நடத்தினார். பழைய முறையில் ஆறாத ஒரு புண்ணும் இருந்தது. நகரத்தார் தலைக்கட்டை ‘புள்ளி’ என்று எண்ணுவார்கள். மணமான ஆணின் குடும்பம் ஒரு புள்ளி. ஆண்வாரிசு இல்லாத ஒரு கிளையின் மகள், அம்பாடி இயக்குநர் குழுவில் தனக்கு இடம் கேட்டார். 2020இல் பங்குதாரர் வாக்கெடுப்பில் அது தோற்றது. 2023இல்தான் சமரசம் ஏற்பட்டது. தொழிலைப் பிரித்துக் காட்டும் ஐந்தொகை, வீட்டுக்குள் இருக்கும் எல்லோரையும் எண்ணிவிடுவதில்லை.

புதுத் தொழிலை வளர்ப்பதில் இந்த வீட்டுக்கு இன்னொரு பழக்கம்: நொடித்ததை எடுப்பது. 1788இல் தொடங்கிய பாரி கம்பெனி தள்ளாடிக்கொண்டிருந்தபோது, 1981இல் அதை வாங்கினார்கள். நெல்லிக்குப்பம் சர்க்கரை ஆலையோடு டேர் ஹவுஸும் வந்தது அப்போதுதான். வந்ததையெல்லாம் கட்டிக் காக்கவும் இல்லை. நாம் பள்ளிக்கூட வாசலில் வாங்கித் தின்ற காஃபி பைட் மிட்டாய்த் தொழில் 2004இல் கொரியாவின் லாட்டேவுக்குப் போனது. பாரிவேர் கழிவறைப் பீங்கான் பிறகு ஸ்பெயினின் ரோக்காவுக்குப் போனது. 1978இல் தொடங்கிய சோழமண்டலத்தின் வழியாகத் தாத்தா காலத்து வட்டித் தொழிலுக்கே திரும்பியும் வந்தார்கள். இம்முறை ஈடு நெல்வயல் இல்லை, லாரி. ஓடி ஓடித் தன் கடனைத் தானே அடைக்கும் ஈடு.

சிஜி பவர் கதை இதன் உச்சம். பழைய கிராம்ப்டன் கிரீவ்ஸின் மின்மாற்றி, மோட்டார் பிரிவு அது. அனுமதியின்றிப் பணம் வெளியேறியிருப்பதாக 2019இல் அதன் இயக்குநர் குழுவே அறிவித்தது. ஆர்டர் இருந்தது, பொறியாளர்கள் இருந்தார்கள், செம்பும் எஃகும் வாங்கக் கையில் பணம் இல்லை. 2020இல் டியூப் இன்வெஸ்ட்மெண்ட்ஸ் பங்கு ஒன்றுக்கு 8 ரூபாய் 56 காசு வீதம், ஏறத்தாழ 700 கோடி ரூபாய் போட்டு உள்ளே நுழைந்தது. 2024இல் அந்தப் பங்கு 700 ரூபாயைத் தாண்டியது. இடையில் வேறு மாயம் நடக்கவில்லை. நடைமுறை முதல் வந்தது, வங்கிகள் கடனைப் பேசித் தீர்த்தன, சரக்கு தருபவர்கள் மறுபடி கடனுக்குத் தந்தார்கள். அவர்கள் நம்பியது புதிதாக ஒட்டப்பட்ட விலாசத்தை. போட்ட 700 கோடியோடு, ஐந்தொகையில் எந்தப் பத்தியிலும் வராத ஒரு முதலும் உள்ளே போயிருந்தது.

தேறி எழுந்த அந்தக் கம்பெனிதான் குஜராத்தின் சானந்தில் குறைகடத்திச் சில்லுகளை உறையிட்டுச் சோதிக்கும் ஆலை கட்டப் புறப்பட்டது. 2024 பிப்ரவரியில் மத்திய அரசு அனுமதி கொடுத்தது. ஐந்தாண்டுகளில் 7,600 கோடி ரூபாய்த் திட்டம். தெரியாத தொழில், ஆகவே தெரிந்தவர்கள் கூட்டு: ஜப்பானின் ரெனசாஸ், தாய்லாந்தின் ஸ்டார்ஸ் மைக்ரோஎலக்ட்ரானிக்ஸ். 1954இல் சாணைக்கல் செய்யத் தெரியாதபோதும் இதையேதான் செய்தார்கள். அமெரிக்காவிலிருந்து ஒரு கம்பெனி, இங்கிலாந்திலிருந்து ஒன்று, மூன்றாவதாக இவர்கள் என்று கூடிப் பிறந்ததுதான் கார்போரண்டம் யுனிவர்சல். சானந்தில் அயல்நாட்டார் இருவர் பங்கும் சேர்ந்து 10 சதவீதத்துக்குள்.