226 கைகள்

டீயை எடுத்துக்கொள்ளுங்கள், முஸ்தஃபா நயெம் கதையை நிதானமாகவே சொல்கிறேன்.

1981-இல் காபூலில் பிறந்து, சிறுவயதில் உக்ரைனுக்கு வந்தவர். கீவ் நகரில் படித்து, ‘உக்ராயின்ஸ்கா பிராவ்தா’ இணைய இதழில் நிருபரானார். அந்த இதழைத் தொடங்கிய கியோர்கி கோங்காட்ஸே 2000-இல் கடத்திக் கொல்லப்பட்டவர். ஆள்வோரைத் துருவினால் என்ன ஆகும் என்று தெரிந்தேதான் அங்கே வேலை பார்த்தார்கள்.

2013 நவம்பர் 21 அன்று, ஐரோப்பிய ஒன்றியத்துடன் செய்யவிருந்த ஒப்பந்தத்தை அரசு நிறுத்திவைத்தது. லைக் போட்டால் போதாது, இரவு பத்தரைக்கு மைதான் சதுக்கத்துக்கு வாருங்கள் என்று நயெம் ஃபேஸ்புக்கில் அழைத்தார். அந்தப் பதிவுதான் புரட்சியைக் கிளப்பியது என்பார்கள். எனக்கு முழு உடன்பாடில்லை. நவம்பர் 30 விடிகாலை போலீஸ் மாணவர்களை அடித்ததுதான் ஊரையே தெருவுக்கு இழுத்தது. நூறுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். அடுத்த ஆண்டு பிப்ரவரியில் அதிபர் யானுகோவிச் தப்பியோடினார்.

அதே ஆண்டு அக்டோபரில் நாடாளுமன்றத் தேர்தல். புதுக் கட்சி தொடங்கப் பணம் வேண்டும்; கட்சிப் பட்டியல் வழியே இடம் பெற ஐந்து சதவீத ஓட்டும் வேண்டும். எனவே நயெமும், சக நிருபர் செர்ஹீ லெஷ்சென்கோவும், செயற்பாட்டாளர் ஸ்வித்லானா சலிஷ்சுக்கும் புதிய அதிபர் பொரோஷென்கோவின் பட்டியலில் சேர்ந்தார்கள். அவரோ சாக்லேட் ஆலைகளும் டிவி சேனலும் வைத்திருந்த கோடீசுவரர். நேற்றுவரை கோடீசுவரர்களைக் கேள்வி கேட்டவர்களுக்கு அது எளிதாக இருந்திருக்காது.

மூவரும் நாடாளுமன்றம் போனார்கள். இங்கேதான் கணக்கு மாறுகிறது. நிருபருக்கு உறுதியான ஆதாரம் கிடைத்தால் செய்தி வந்துவிடும். மசோதாவுக்கு 226 கைகள் உயர வேண்டும். மொத்தம் 450 இடங்கள். கிரிமியாவிலும் போர் நடந்த கிழக்கிலும் 27 இடங்களுக்குத் தேர்தலே நடக்கவில்லை. ஆனாலும் 226 என்பது குறையவில்லை. யாரைப் பற்றி எழுதினாரோ, அவர்களிடமே ஓட்டுக் கேட்க வேண்டும்.

அப்படிக் கேட்டும் சில காரியங்கள் நடந்தன. லஞ்சத்துக்குப் பேர்போன போக்குவரத்துப் போலீஸ் கலைக்கப்பட்டது. 2015 ஜூலையில் புதிதாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட இளைஞர்கள் கீவ் தெருக்களில் ரோந்து வந்தார்கள். அந்தச் சீர்திருத்தத்தில் நயெமுக்குப் பெரிய பங்கு உண்டு. இந்த ஒன்றுக்காகவே அவர் நாடாளுமன்றம் போனது சரி என்பேன்.

2019-இல் அவர் மீண்டும் போட்டியிடவில்லை. நிர்வாகத்துக்குப் போனார். 2023-இல் போர் இடித்ததைக் கட்டியெழுப்பும் அரசு முகமையின் தலைவரானார். 2024 ஜூனில், உக்ரைன் மறுகட்டமைப்புக்கான பெர்லின் மாநாட்டுக்கே போக அனுமதி கிடைக்காத நிலையில், தன் வேலைக்குத் தொடர்ந்து முட்டுக்கட்டை விழுகிறது என்று வெளிப்படையாகச் சொல்லிப் பதவி விலகினார்.