சிறு முதலும் சுயேச்சையும்

அமெரிக்காவில் அற்பச் செலவில் விஞ்ஞானக் கற்பனைப் படங்கள் எடுத்துப் பிரசித்தியடைந்த மிஸ்டர் ராஜர் கார்மன் 2024ஆம் வருஷம் மே மாதம் 9ந் தேதி தமது 98ஆம் வயதில் காலஞ்சென்றார். நண்டுப் பூதங்களையும் நரமாமிசம் தின்னும் செடியையும் திரையில் காட்டிப் பணம் சேர்த்தவரைப் பற்றிப் பத்திரிகையில் எழுதுவானேன் என்று வாசகர்களிற் சிலர் கேட்கக்கூடும். பிறர் தயவை நாடாமல் ஒரு காரியத்தை நடத்த விரும்புவோர் யாவருக்கும் இவர் சரித்திரத்தில் படிப்பினை உண்டென்பது நமது அபிப்பிராயம்.

கார்மன் 1926ல் டிட்ராயிட் நகரில் பிறந்தார். ஸ்டான்போர்டு சர்வகலாசாலையில் என்ஜினீயரிங் கற்றுப் பெற்ற உத்தியோகத்தை நான்கே நாளில் உதறிவிட்டு, ஒரு பெரிய படக் கம்பெனியில் கடிதம் சுமக்கும் சேவகராகச் சேர்ந்தார். பின்னர்க் கதைகளைப் படித்து அபிப்பிராயம் எழுதும் வேலைக்கு உயர்ந்தார். ஆயினும், தாம் சொன்ன யோசனைக்குரிய பெருமை வேறொருவரைச் சேரக் கண்டு அங்கிருந்து விலகினார். 1954ல் தெரிந்தவர்களிடம் சிறுசிறு தொகையாகத் திரட்டிக் கடற்பூதக் கதையொன்றைப் படமாக்கினார். ஒருவர் மட்டும் செல்லக்கூடிய நீர்மூழ்கிக் கப்பலொன்றைப் பற்றிப் பத்திரிகையில் வாசித்து, அதைச் செய்த கம்பெனியாரை அணுகி, வாடகையின்றியே பெற்று அப்படத்தில் உபயோகித்தாராம்!

அவருடைய முறை யாதெனில், உள்ளதைக் கொண்டு வேலையை முடிப்பதே. 1957ல் வெளிவந்த நண்டுப் பூதப் படத்துக்குச் செலவு சுமார் 70,000 டாலர். வசூலோ பத்து லட்சம் டாலர் என்பர். பிறர் உபயோகித்து விட்டுச் சென்ற காட்சி ஜோடனைகளை வைத்து, 1960ல் வெளியான மனிதரைத் தின்னும் செடியின் கதையைப் பெரும்பாலும் இரண்டே நாளில் எடுத்து முடித்தார்.

நிற்க. இவரது வாழ்க்கையின் உரைகல் 1962ல் வெளிவந்த 'தி இன்ட்ரூடர்' என்ற படமேயாம். வெள்ளையருக்கும் நீக்ரோவருக்கும் தனித்தனிப் பள்ளிக்கூடம் வைப்பது சட்டவிரோதம் என்று அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டார் 1954ல் தீர்ப்பளித்தனர். அத்தீர்ப்பை எதிர்த்து, ஒரு தென்னாட்டுச் சிற்றூரில் வெள்ளையரைத் தூண்டிக் கலகம் விளைவிக்கும் அயலான் ஒருவனைப் பற்றியது இக்கதை. இதற்குப் பணம் தரப் பெரிய கம்பெனிகள் மறுத்தன. கார்மனும் அவர் சகோதரரும் தங்கள் சொந்தப் பணத்தையே போட்டனர். மிஸௌரி மாகாணத்தில் படம் எடுக்கையில் உள்ளூராரின் மிரட்டலுக்கு ஆளாயினர். படம் புகழப்பட்டது, பணமோ திரும்பவில்லை. நூறு படமெடுத்தும் ஒரு காசும் இழக்கவில்லை என்று 1990ல் தமது சுயசரிதைக்குத் தலைப்பிட்ட அவருக்கு எதிராக இப்படமே சாட்சி சொல்கிறது. ஆனால் அச்சாட்சியத்தால் அவருடைய கௌரவம் உயருகிறதேயன்றிக் குறையவில்லை. பூதங்கள் ஈட்டித் தந்த முதல் இல்லையேல், இந்தச் சத்தியத்தைச் சொல்லும் சுயேச்சை அவருக்கு ஏது?

குற்றங்களையும் மறைப்பதற்கில்லை. 1959ல் சோவியத் கலைஞர்கள் எடுத்த விண்வெளிப் படமொன்றை விலைக்கு வாங்கி வெட்டியொட்டி, அவர்கள் பெயர்களை மறைத்து வேறு பெயரிட்டு வெளியிட்டது நியாயமன்று. இளைஞர்களுக்கு அவர் அளித்த கூலியும் சொற்பமே. எனினும் வேலை கற்கும் வாய்ப்பைத் தாராளமாக அளித்தார். கப்போலா, ஸ்கார்ஸேஸி முதலியோர் அவரிடம் தொழில் பழகியவர்களே. 1980ல் அவர் வெளியிட்ட விண்வெளிப் போர்ப் படத்துக்குக் கலை நிர்வாகியாயிருந்த ஜேம்ஸ் காமரூன் பின்னர் உலகப் புகழ் பெற்றார். 1970ல் ஸ்தாபித்த சொந்தக் கம்பெனியின் வாயிலாக பெர்க்மன், பெல்லினி, குரோசாவா ஆகிய அந்நிய மேதைகளின் படங்களையும் அமெரிக்க ஜனங்களுக்குக் காட்டினார். 2009ல் ஹாலிவுட்டாரே அவருக்குக் கௌரவ ஆஸ்கார் பரிசு வழங்கினர்.

ஒன்று மட்டும் நம் மனத்தை உறுத்துகிறது. அந்த நஷ்டத்துக்குப் பின் அத்தகைய நேரடியான படத்தை அவர் மீண்டும் எடுக்கத் துணியவில்லை. கருத்தைப் பொழுதுபோக்கினுள் மறைத்து வைப்பதே தகுமென்று தீர்மானித்தார். இதற்கு அவரை மட்டும் குறைகூறுவது நீதியாகாது. சத்தியம் சொல்பவன் ஒருவன் துணிந்து முன்வருகையில், அவன் நஷ்டப்படாமல் காப்பது ஜனங்களின் கடமை. அன்று கொட்டகைகள் நிறைந்திருக்குமாயின், அப்படம் அவ்வகையில் முதலும் முடிவுமாக இருந்திராது.