செட்டும் அவரே! சட்டையும் அவரே!

சினிமா பார்க்கிறோம். கதாநாயகன் யார், கதாநாயகி யார், பாட்டுப் பாடியவர் யார் என்று சின்னக் குழந்தை கூடச் சொல்லிவிடும். ஆனால் கதாநாயகன் குடியிருக்கும் வீட்டை அமைத்தவர் யார்? அவன் தோளில் கிடக்கும் துண்டு என்ன நிறத்தில் இருக்க வேண்டும் என்று முடிவு செய்தவர் யார்? இதை யாரும் கேட்பதில்லை.

கேட்டிருந்தால், பி. கிருஷ்ணமூர்த்தி என்ற பெயர் வீட்டுக்கு வீடு தெரிந்திருக்கும். 5 தடவை தேசிய விருது பெற்ற தமிழர் அவர்!

பூம்புகாரிலிருந்து...

கிருஷ்ணமூர்த்தி 1943-ம் ஆண்டு பூம்புகாரில் பிறந்தார். சென்னை அரசு ஓவியக் கல்லூரியில் படித்தார். 1850-ம் ஆண்டு தொடங்கிய பழைய கல்லூரி அது. தாம்பரத்தில் மின்சார ரயில் ஏறி எழும்பூரில் இறங்கினால் பக்கத்தில்தான் இருக்கிறது.

அதே ரயில் பாதையில்தான் சினிமாவுக்குப் பெயர்போன கோடம்பாக்கமும் இருக்கிறது. ஆனால் அவருக்கு முதல் வாய்ப்புக் கொடுத்தது தமிழ்ப் படம் அல்ல, கன்னடப் படம். 1975-ம் ஆண்டு வந்த அந்தப் படத்தின் பெயர் 'ஹம்சகீதே'. ஜி.வி. ஐயர் எடுத்தது. அந்தக் காலத்துச் சங்கீத வித்துவான் ஒருவரின் கதை.

பிறகு ஐயரின் 'ஆதி சங்கராச்சாரியா' வந்தது. சமஸ்கிருத மொழியில் எடுத்த முதல் படம் அது. ஆண்டு 1983. அடுத்து 'மத்வாச்சாரியா'. 1986-ம் ஆண்டுப் படங்களுக்கான தேசிய விருதை அதற்காகக் கிருஷ்ணமூர்த்தி பெற்றார்.

பழைய காலம் என்றால் லேசா?

இந்தக் காலத்துக் கதை என்றால் கடைக்குப் போய்ச் சட்டை வாங்கிவிடலாம். 300 வருஷத்துக்கு முந்திய கதை என்றால்? விளக்கு, பாய், பாத்திரம், கதவு எல்லாமே அந்தக் காலத்துக்கு ஏற்றபடி இருக்க வேண்டும். ஓரத்தில் ஒரு பிளாஸ்டிக் வாளி தெரிந்தால் போதும், கொட்டகையே சிரிக்கும்!

சவுக்குக் கம்பு, பலகை, சாக்கு, பிளாஸ்டர் இவற்றைக் கொண்டு சுவர் எழுப்புவார்கள். ஆனால் சுவர் புதிதாகத் தெரியக் கூடாது. புகை படிந்தது போலவும், மழைநீர் வழிந்தது போலவும் வர்ணம் பூச வேண்டும். துணியும் அப்படித்தான். புதுத் துணியை வெளுத்து, தேய்த்து, பழசாக்க வேண்டும்.

இன்னொரு சங்கடமும் உண்டு. சுவரும் காவி, உடையும் காவி என்றால் ஆள் சுவரோடு சுவராக மறைந்துபோவார். செட்டையும் உடையையும் ஒருவரே கவனித்தால் இந்தக் குழப்பம் வராது.

ஒரே படம், இரண்டு விருது

1989-ம் ஆண்டு 'ஒரு வடக்கன் வீரகதா' என்ற மலையாளப் படம் வெளிவந்தது. எம்.டி. வாசுதேவன் நாயர் எழுதி, ஹரிஹரன் இயக்கிய படம். மம்முட்டி கதாநாயகன். வடக்கு மலபாரில் நாட்டுப் பாடல்களாகப் பாடப்பட்டு வந்த வீரர்களின் கதை.

தரவாட்டு வீடு, களரி, வாள், கேடயம், கச்சை என்று எல்லாம் பழைய காலத்தவை. இந்தப் படத்தில் காட்சி அமைப்புக்கு ஒரு தேசிய விருது, உடை அமைப்புக்கு ஒரு தேசிய விருது. இரண்டும் கிருஷ்ணமூர்த்திக்கே!

இத்தாலி நாட்டில் டானிலோ டொனாட்டி என்ற கலைஞர் இப்படித்தான் செட், உடை இரண்டையும் கவனித்தார். உடைக்காக இரண்டு ஆஸ்கார் பரிசு வாங்கியவர் அவர்.

பாரதியும் புலிகேசியும்

தமிழில் 2000-ம் ஆண்டு 'பாரதி' படம் வந்தது. இது இன்னும் கஷ்டமான வேலை. முண்டாசும் கறுப்புக் கோட்டும் போட்ட பாரதியாரைத் தெரியாதவர் யார்? கொஞ்சம் தவறினாலும் ஜனங்கள் கண்டுபிடித்துவிடுவார்கள். தவறவில்லை. அந்தப் படத்தின் கலை அமைப்புக்கும் தேசிய விருது கிடைத்தது.

2006-ம் ஆண்டு 'இம்சை அரசன் 23-ம் புலிகேசி'. சிரிப்புப் படம்தானே என்று அவர் ஏனோதானோ என்று இருந்துவிடவில்லை. அரண்மனை அசல் அரண்மனை போல இருந்தது. அதனால்தான் உள்ளே வடிவேலு அடித்த கூத்து எடுபட்டது. கணித மேதையைப் பற்றிய 'ராமானுஜன்' படத்துக்கும் 2014-ம் ஆண்டு அவரே கலை இயக்குநர்.

2020-ம் ஆண்டு டிசம்பர் 13-ந் தேதி கிருஷ்ணமூர்த்தி காலமானார். அப்போது அவருக்கு வயது 77.

படப்பிடிப்பு முடிந்ததும் செட்டைப் பிரித்துவிடுவார்கள். கம்பும் பலகையும் வேறு படத்துக்குப் போய்விடும். மாதக்கணக்கில் பாடுபட்டதற்கு மிஞ்சுவது படச்சுருளில் பதிந்தது மட்டுமே.

அடுத்த தடவை வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து இந்தப் படங்களில் ஒன்றைப் பார்த்தால், சுவரையும் விளக்கையும் துணியையும் கொஞ்சம் கவனியுங்கள். ஆரம்பத்தில் பெயர்கள் ஓடும்போது 'கலை' என்ற இடத்தில் உள்ள பெயரைக் குழந்தைகளை வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள்.