அட்மிரல் பிங் செய்த குற்றம் என்ன?

ஆங்கிலக் கடற்படை என்றவுடன் நெல்ஸனின் பெயரே நமது நினைவுக்கு வரும். அவர் பிறந்தது 1758-ம் வருஷத்தில். அதற்கு முந்திய வருஷம் அக்கடற்படை தன் தளபதி ஒருவரைத் தானே சுட்டுக் கொன்றது. அவர் பெயர் ஜான் பிங்.

பிங் பெரிய இடத்துப் பிள்ளை. தந்தை ஜார்ஜ் பிங், 1718-ல் சிசிலித் தீவினருகே ஸ்பானியக் கப்பல்களை முறியடித்துப் புகழ் பெற்றவர். அவ்வருஷமே மகனும் பாலகனாகக் கடற்படையில் சேர்ந்தார்; 1727-ல் காப்டன், 1745-ல் அட்மிரல். இவ்வளவு விரைவான உயர்வுக்குத் தந்தையின் செல்வாக்கு உதவாமல் இருந்திராது.

1744-ல் தூலோன் அருகே நடந்த சண்டையில், கப்பல்கள் அணிவகுத்து முடிவதற்குள் எதிரிமேல் பாய்ந்தார் மாத்யூஸ் என்ற அட்மிரல். அதற்காக அவர் பதவியை இழந்தார். அவ்வழக்கை விசாரித்த நீதிபதிகளுள் பிங்கும் ஒருவர். வாசகர்கள் இதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

1756-ல் பிரெஞ்சுக்காரர், மத்தியதரைக் கடலில் ஆங்கிலேயர் வசமிருந்த மினோர்காத் தீவில் இறங்கிக் கோட்டையை முற்றுகையிட்டனர். முன்னெச்சரிக்கைகளை அலட்சியம் செய்திருந்த நியூகாஸில் பிரபுவின் மந்திரிசபை, காலங்கடந்து, போதிய ஆட்களில்லாத பத்துக் கப்பல்களுடன் பிங்கை அனுப்பியது. ஜிப்ரால்டரில் மேலும் மூன்று சேர்ந்தன.

மே 20-ந் தேதி போர் மூண்டது. முன்னணிக் கப்பல்கள் எதிரியை நெருங்கிக் கடுமையாகப் போரிட்டன. அவற்றுள் ஒன்றாகிய 'இன்ட்ரெப்பிட்' பாய்மரம் முறிந்து தடுமாறவே, பின்னால் வந்தவை குழம்பி நின்றன. அணியைக் கலைத்து முன்னேறலாம் என்று காப்டன் கார்டினர் யோசனை கூறினார். பிங் மாத்யூஸின் கதியை எடுத்துக் காட்டி மறுத்துவிட்டார். அணி சீராவதற்குள் பிரெஞ்சுக் கப்பல்கள் விலகிச் சென்றன. நான்கு நாள் கழித்துப் பிங், சகாக்களைக் கலந்து ஜிப்ரால்டருக்குத் திரும்பினார். கோட்டை ஜூன் மாத இறுதியில் வீழ்ந்தது.

லண்டனில் ஜனங்கள் கொதித்தெழுந்து பிங்கின் கொடும்பாவியை எரித்தார்கள். மந்திரிசபையோ, தனக்குப் பாதகமான பகுதிகளை நீக்கிவிட்டு அவருடைய அறிக்கையை வெளியிட்டது! விசாரித்த நீதிபதிகள், பிங் கோழையல்லர் என்று ஒப்புக்கொண்டார்கள். ஆனால் தம்மாலியன்ற அனைத்தையும் செய்யவில்லை என்றார்கள். 1749-ம் வருஷச் சட்டப்படி அதற்கும் மரணமே தண்டனை. வேறு வழியின்றி அதை விதித்த அவர்களே ஒருமனதாகக் கருணை வேண்டினர். மன்னர் இரண்டாம் ஜார்ஜ் இணங்கவில்லை.

கடற்படை நிர்வாகசபையில் ஃபோர்ப்ஸ் என்பவர் மரண உத்தரவில் கையெழுத்திட மறுத்தார். கையெழுத்திட்டவர்களுள் ஒருவர் பாஸ்கவென். இவர் நமக்குப் புதியவரல்லர். 1748-ல் பெரும் படையுடன் நமது புதுச்சேரியை முற்றுகையிட்டு, மழைக்காலம் வந்ததும் வெறுங்கையுடன் திரும்பிய அதே மனிதர்தாம்! அத்தோல்விக்குப் பின் 1751-ல் அவருக்கு அச்சபையில் ஆசனம் கிடைத்தது.

1757 மார்ச்சு 14-ந் தேதி, போர்ட்ஸ்மவுத் துறைமுகத்தில், 'மோனார்க்' கப்பலின் மேல்தளத்தில் பிங் மண்டியிட்டார். கையிலிருந்த கைக்குட்டையைத் தாமே கீழே விட்டு, சுடும்படி அடையாளம் காட்டினார். பதவி விலகியிருந்த நியூகாஸில் சில மாதங்களில் மீண்டும் மந்திரியானார்.

1779-ல் சட்டம் திருத்தப்பட்டு, மரணத்துக்குப் பதிலாக வேறு தண்டனை விதிக்க இடமளிக்கப்பட்டது. 2007-ல் பிங்கின் குடும்பத்தார் அவருக்கு மன்னிப்பு வழங்குமாறு கேட்டபோது, பிரிட்டிஷ் அரசாங்கம் மறுத்துவிட்டது.