38 வருஷ கேடி: கோச் பேட் சமிட்

போன மாசம் எங்க டீம்ல ஒரு சீனியர் பேப்பர் போட்டார். எட்டு வருஷமா ஒரே மாட்யூலைப் பார்த்துக்கிட்டு இருந்தவர். கடைசி ரெண்டு வாரம் அவர்கூட உட்கார்ந்து கேடி, அதாவது நாலெட்ஜ் டிரான்ஸ்ஃபர், வாங்குறது என் வேலை. எல்லா காலையும் ரெக்கார்ட் பண்ணினோம், டாக்குமென்ட் எழுதினோம். அவர் போன மூணாவது நாள் ஒரு சந்தேகம் வந்துச்சு. பதில் எந்த டாக்குமென்ட்லயும் இல்ல. அது அவர் தலைக்குள்ளதான் இருந்திருக்கு.

சாஃப்ட்வேர்ல இதுக்கு 'பஸ் ஃபேக்டர்'னு ஒரு பேர் உண்டு. டீம்ல எத்தனை பேரை பஸ் இடிச்சா ப்ராஜெக்ட் நின்னு போகும்னு ஒரு கணக்கு. கொஞ்சம் கொடூரமான கணக்குதான். விடை ஒண்ணுன்னு வந்தா அந்த டீம் ஆபத்துல இருக்குன்னு அர்த்தம்.

இந்த யோசனையில இருக்கும்போதுதான் பேட் சமிட் பத்திப் படிக்க ஆரம்பிச்சேன். அமெரிக்காவுல டென்னஸி பல்கலைக்கழகத்தோட பெண்கள் கூடைப்பந்து அணிக்கு 1974-லேர்ந்து 2012 வரைக்கும், மொத்தம் 38 சீசன், அவங்கதான் தலைமை கோச். 1,098 வெற்றி, 208 தோல்வி, 8 தேசிய சாம்பியன் பட்டம். ஜெயிச்சதைவிட அதிகமா தோத்த சீசன்னு ஒண்ணுகூட கிடையாது. ஆனா 2011-ல, தனக்கு ஞாபகம் தப்புற நோய் இருக்குன்னு 59 வயசுல அவங்க வெளிய சொன்னாங்க. இவ்வளவையும் தலைக்குள்ள வெச்சிருந்த ஒருத்தருக்கு அப்படி ஆனா அந்த டீம் என்ன ஆகும்? இன்னைக்கு எபிசோட் அதைப் பத்தித்தான்.

முதல்ல ஆரம்பத்துக்குப் போவோம். பேட், டென்னஸி மாநிலத்துல ஒரு விவசாயக் குடும்பத்துல 1952-ல பிறந்தவங்க. மாட்டுப் பண்ணை, புகையிலை வயல். மூணு அண்ணன், ஒரு தங்கச்சி. ராத்திரி வைக்கோல் பரண்ல அண்ணன்களோட பாஸ்கெட்பால் ஆடுவாங்க. அவங்க படிக்க வேண்டிய ஸ்கூல்ல பெண்கள் டீம் இல்லைன்னு, டீம் இருக்கிற பக்கத்து ஊருக்குக் குடும்பமே வீடு மாறிப் போச்சு. காலேஜ் வந்தப்போ அண்ணன்களுக்கு ஸ்போர்ட்ஸ் ஸ்காலர்ஷிப் கிடைச்சுது. பேட்டுக்குக் கிடையாது, பெண்களுக்கு அப்படி ஒரு ஸ்காலர்ஷிப்பே அங்க இல்ல. அப்பா அம்மாதான் ஃபீஸ் கட்டினாங்க.

1972-ல 'டைட்டில் நைன்'னு ஒரு சட்டம் வந்துச்சு. மத்திய அரசு நிதி வாங்குற எந்தக் கல்வி நிறுவனமும் ஆண், பெண்னு பாகுபாடு காட்டக் கூடாதுன்னு சொல்ற சட்டம். விளையாட்டும் அதுக்குள்ள வரும். ஆனா சட்டம் போட்ட மறுநாளே எல்லாம் மாறிடாதே. 1974-ல பேட் டென்னஸி பல்கலைக்கழகத்துக்கு மேல்படிப்பு படிக்க வந்தாங்க. உதவி கோச் வேலைக்குன்னு கூப்பிட்டாங்க. அந்த நேரம் பார்த்து தலைமை கோச் லீவுல போக, பொறுப்பு மொத்தமும் இவங்க தலையில விழுந்துச்சு. வயசு 22. சம்பளம் மாசம் 250 டாலர். டீம்ல சில பேர் இவங்களைவிட ஒரே ஒரு வயசுதான் சின்னவங்க.

டீம் யூனிஃபார்ம், டோநட் வித்த காசுல வாங்கினது. அதைத் துவைக்கிறதும் கோச், வெளியூர் மேட்சுக்கு வேன் ஓட்டுறதும் கோச். ஒரு தடவை தங்க ரூம் இல்லாம, எதிர் டீமோட ஜிம்லயே ஸ்லீப்பிங் பேக் விரிச்சுப் படுத்திருக்காங்க. ஸ்டார்ட்அப்ல வேலை பார்த்தவங்களுக்கு இந்தக் கதை புரியும். ஒரே ஆள்தான் டெவலப்பர், டெஸ்டர், டீ வாங்கிட்டு வர்றவர் எல்லாம்.

அவங்க அப்போ விளையாட்டு வீராங்கனையாவும் இருந்தாங்கங்கிறதை மறந்துடாதீங்க. முட்டியில பெரிய காயம். அதுலேர்ந்து தேறி, 1976 ஒலிம்பிக்ல அமெரிக்க அணிக்கு ஆடி வெள்ளி வாங்கினாங்க. பெண்கள் கூடைப்பந்து ஒலிம்பிக்ல சேர்ந்ததே அந்த வருஷம்தான். 1984-ல அதே அணிக்கு கோச்சாப் போய்த் தங்கம்.

இன்னொரு சிக்கல். டென்னஸி ஸ்கூல்கள்ல பொண்ணுங்க அப்போ ஆடினது வேற விதமான ஆட்டம். ஒரு பக்கத்துக்கு ஆறு பேர். மூணு பேர் பந்து போட மட்டும், மூணு பேர் தடுக்க மட்டும். நடுக்கோட்டைத் தாண்டக் கூடாது. பெண்களால கோர்ட் முழுக்க ஓட முடியாதுங்கிற நினைப்புல வந்த ரூல் அது. இதை ஆடி வளர்ந்த பொண்ணு காலேஜ்ல அஞ்சு பேர் ஆட்டத்துக்கு வந்தா பாதி ஆட்டம்தான் தெரியும். பேட் இதை வெளிப்படையா எதிர்த்துப் பேசினாங்க. 1970-களோட கடைசியில அந்த மாநிலம் ரூலை மாத்துச்சு.

இங்க ஒரு விஷயம் சொல்லணும். காலேஜ் கோச் வேலை, கிளப் கோச் வேலை மாதிரி கிடையாது. நல்ல பிளேயரைப் பத்து வருஷம் வெச்சுக்க முடியாது. உள்ள வர்ற ஒவ்வொரு பொண்ணும் நாலு வருஷ நோட்டீஸ் பீரியடோடதான் வர்றா. சீனியர் போயிடுவா, ஒண்ணும் தெரியாத பதினெட்டு வயசுப் பொண்ணு வருவா. வருஷா வருஷம் கேடிதான். அதனால சட்டை மாறினாலும் பழக்கம் மாறாதபடி பேட் சில விஷயங்களைக் கட்டினாங்க. வகுப்புல முதல் மூணு வரிசையில உட்காரணும். காரணம் இல்லாம கட் அடிக்கக் கூடாது. பயிற்சிக்குப் பசங்களைக் கூட்டிட்டு வந்து எதிரா ஆட வெச்சாங்க, மேட்ச்ல வர்ற வேகம் பழகிப் போகட்டும்னு. பலன்? டென்னஸியில தன் முழு ஆட்டக் காலத்தையும் முடிச்ச ஒவ்வொரு வீராங்கனையும் டிகிரி வாங்கிட்டுத்தான் வெளிய போனாங்க. 38 வருஷமும். என்னைக் கேட்டா 1,098-ஐவிட இது பெரிய ரெக்கார்ட்.

பட்டம் உடனே வந்துடல. பல தடவை அரையிறுதி, இறுதி வரைக்கும் போய்த் தோத்து, 1987-ல, பதிமூணாவது சீசன்லதான் முதல் தேசிய சாம்பியன்ஷிப். அப்ரைசலுக்கு அப்ரைசல் ரிசல்ட் கேட்கிற இடத்துல இருக்கிற நமக்கு பதிமூணு வருஷம்ங்கிறது நினைச்சுப் பார்க்கவே முடியாத காலம்.

1990-ல நடந்த ஒரு கதை எனக்கு ரொம்பப் பிடிக்கும். நிறைமாச கர்ப்பிணியா பென்சில்வேனியாவுக்கு ஒரு பிளேயர் வீட்டுக்குப் போறாங்க, எங்க டீமுக்கு வாம்மான்னு கேட்க. அந்தப் பயணத்துலயே பனிக்குடம் உடைஞ்சு போச்சு. திரும்பி வரும்போது வழியில வர்ஜீனியாவுல இறங்கிடலாமான்னு விமானத்துல கேட்டப்போ முடியவே முடியாதுன்னுட்டாங்க. அந்த வருஷம் அவங்க டீமைத் தோக்கடிச்சு வெளிய அனுப்பினதே வர்ஜீனியாதான்! டென்னஸி வந்துதான் பையன் பிறந்தான். அந்தப் பொண்ணு மிஷெல் மார்சினியாக் முதல்ல வேற காலேஜுக்குப் போனாங்க. அப்புறம் டென்னஸிக்கு மாறி வந்து, 1996-ல பட்டம் ஜெயிச்ச டீம்ல ஆடினாங்க. 1996, 97, 98 மூணு வருஷமும் டென்னஸிதான் சாம்பியன். அதுல 97-ல பத்து மேட்ச் தோத்த டீம், 98-ல 39-க்கு 39 ஜெயிச்சுது.

ஆண்கள் டீமுக்கு கோச்சா வர்றீங்களான்னு பல்கலைக்கழகம் ரெண்டு தடவை கேட்டுச்சு. ரெண்டு தடவையும் மறுத்துட்டாங்க. அதை ஏன் ப்ரொமோஷன்னு நினைக்கிறீங்கங்கிறதுதான் அவங்க திருப்பிக் கேட்ட கேள்வி.

இப்போ 2011. விஷயங்கள் மறக்க ஆரம்பிச்சு, மேயோ கிளினிக்ல பரிசோதனை பண்ணினதுல அல்சைமர் வகை மறதி நோயோட ஆரம்ப நிலைன்னு தெரிஞ்சுது. ஆகஸ்ட்ல ஊருக்கே சொல்லிட்டாங்க. பரிதாபம் வேண்டாம்னும் சொன்னாங்க. அந்த சீசன் முழுக்க பெஞ்ச்ல இருந்தாங்க. மேட்ச் நடக்கும்போது பெரும்பாலும் முடிவெடுத்தது ஹாலி வார்லிக். 1970-கள்ல பேட்கிட்ட ஆடினவங்க, 1985-லேர்ந்து அவங்களோட உதவி கோச். அந்த வருஷம் டீம் 27 மேட்ச் ஜெயிச்சுது. 2012 ஏப்ரல்ல பேட் விலகினாங்க, ஹாலி தலைமை கோச் ஆனாங்க. 2016 ஜூன்ல, 64 வயசுல பேட் இறந்தாங்க.

'பார்த்தீங்களா, கேடி சக்சஸ்'னு சொல்லி முடிச்சுடலாம்னுதான் நானும் முதல்ல நினைச்சேன். ஆனா உண்மை அப்படி இல்ல. 2008-க்கு அப்புறம் டென்னஸி இன்னும் ஒரு தேசியப் பட்டம் ஜெயிக்கல. 2019-ல ஹாலியைப் பல்கலைக்கழகம் விலக்கிடுச்சு. அடுத்து வந்த கெல்லி ஹார்ப்பர், அந்த மூணு வருஷத் தொடர் வெற்றி டீம்ல ஆடினவங்க. 2024-ல அவங்களையும் மாத்திட்டாங்க. ஒருத்தர் தலைக்குள்ள இருக்கிற எல்லாத்தையும் இன்னொருத்தர் தலைக்கு மாத்த முடியாது போல.

ஆனா அந்த டிகிரிகள் இருக்கு. அவங்ககிட்ட ஆடிட்டு இன்னைக்கு வேற வேற ஊர்ல கோச்சா இருக்கிறவங்க இருக்காங்க. நடுக்கோட்டைத் தாண்டி கோர்ட் முழுக்க ஓடுற ஸ்கூல் பொண்ணுங்க இருக்காங்க. கடைசியில இதையெல்லாம் பேட்டால ஞாபகம் வெச்சிருக்க முடியல. அவங்க சொல்லிக் குடுத்தவங்களுக்கு ஞாபகம் இருக்கு.

என் சீனியருக்கு நேத்து போன் பண்ணினேன். சந்தேகம் கேட்க இல்ல, சும்மாதான். பத்து நிமிஷம் பேசினோம். உங்களுக்கும் அப்படி யாராவது இருந்தா பேசிடுங்க. அடுத்த வாரம் பார்ப்போம்.