இடக் கையின் நாதம்



நம் இசை அரங்கில் பாடகரின் பெயர் முதலில் வரும். பக்கவாத்தியக்காரரின் பெயர் பின்னால் வரும். அப்பின்வரிசைக்கே பெருமை தேடித் தந்தவர்களுள் ஒருவர் மிருதங்க மேதை பழனி சுப்பிரமணிய பிள்ளை. 1908-ல் பிறந்து 1962-ல் மறைந்த அப்பெரியாரின் வாழ்க்கையில், ஆசிரியரும் பெற்றோரும் கற்கத்தக்க பாடம் ஒன்று உண்டு.

அவர் தந்தையார் முத்தையா பிள்ளை, தாளக் கணக்கில் சிறந்த புதுக்கோட்டை மரபின் முதல்வரான மான்பூண்டியா பிள்ளையின் மாணவர். ஆகவே வித்தைக்கு வீட்டில் குறைவில்லை. ஆனால் மைந்தர் பிறவியில் இடக்கைக்காரர். அது எவ்வாறு தடையாயிற்று?

மிருதங்கத்துக்கு முகங்கள் இரண்டு. கறுப்புச் சாந்து பதித்த வலந்தலை சுருதியோடு இசைந்து ஒலிப்பது. ரவைப் பசை ஒட்டிய தொப்பி கனத்த நாதம் தருவது. பாடகரின் வலப்புறம் மிருதங்கக்காரர் அமர்ந்தால் வலந்தலை சபையை நோக்கும். இடப்புறம் அமர்ந்த பிடில்காரரின் வாத்தியமும் அவ்வாறே. இடக்கைக்காரரோ வலந்தலையை இடக் கையால் வாசிப்பவர். வழக்கமான இடத்தில் அவர் அமர்ந்தால் வலந்தலை சபைக்கு மறைந்துவிடும். இடம் மாறி அமர்ந்தாலோ பிடில் மறைந்துவிடும். பிடில் வித்துவான்கள் சிலர் இம்மாற்றத்துக்கு இணங்கவில்லை. வித்தையில் குறையாத ஒருவருக்கு இதனால் வாய்ப்புக் குறைந்தது.

அந்நாளில் அவருக்குத் துணை நின்றவர் செம்பை வைத்தியநாத பாகவதர். மேடையில் உரிய இடம் தந்து, தம் கச்சேரிகளில் அவரை வாசிக்கச் செய்தார். பிள்ளையவர்கள் கஞ்சிராவிலும் வல்லவர். பாலக்காடு மணி ஐயரின் மிருதங்கத்துக்கு இணையாகக் கஞ்சிரா வாசித்த அரங்குகள் பல. தொப்பியில் அவர் எழுப்பிய கும்காரத்தை இன்றும் வித்துவான்கள் வியந்து பேசுகின்றனர். அவர் மாணவர் திருச்சி சங்கரன் 1971-ல் கனடா சென்று, டொராண்டோவிலுள்ள யார்க் பல்கலைக்கழகத்தில் மிருதங்கம் கற்பித்தார். மறுக்கப்பட்ட கையின் வித்தை கடல் கடந்தது.

மேல்நாட்டிலும் இவ்வழக்கு உண்டு. இங்கிலாந்தின் பீட்டில்ஸ் குழுவில் டிரம்ஸ் வாசித்த ரிங்கோ ஸ்டார் பிறவியில் இடக்கைக்காரர். பாட்டியார் அவரை வலக் கையால் எழுதப் பழக்கினார். வலக்கைக்காரருக்கென அமைத்த டிரம்ஸையே அவர் இடக்கைப் பழக்கத்தோடு வாசித்தார். அதனால் அவர் தாள நடைக்கே ஒரு தனித்தன்மை வாய்த்தது.

தாயில்பட்டிப் பகுதியில் தலைமையாசிரியனாக இருந்து ஓய்வு பெற்றவன் நான். எங்கள் பக்கத்தில் பட்டாசுக்குத் திரி வைப்பவர் எந்தக் கையால் வைக்கிறார் என்று எவரும் கேட்பதில்லை. திரி செம்மையாக அமைந்ததா என்றே பார்ப்பார்கள். பள்ளியில்தான், இடக் கையால் பலப்பம் பிடித்த பிள்ளையின் விரலில் பிரம்படி விழக் கண்டிருக்கிறேன். அடிபட்ட பிள்ளை கையை மாற்றிக்கொள்ளும். கூடவே எழுத்தின்மீதுள்ள ஆசையையும் விட்டுவிடும். அந்த இழப்பு எந்தத் தேர்வு ஏட்டிலும் பதிவாவதில்லை.

திறமைக்கேற்ப இருக்கையை மாற்றலாம். இருக்கைக்கேற்பத் திறமையை வெட்டலாகாது. செம்பையார் மேடையில் செய்ததை நாம் வகுப்பறையிலும் வீட்டிலும் செய்வோமாக. கையைப் பாராது எழுத்தைப் பார்ப்போம்.